எந்த ஹென்றி?

எங்கள் கார்ன்லியில் பெயருக்குப் பஞ்சம். நோவா ஸ்கோஷியாவின் இந்த மூலைக்கு நிலக்கரி வெட்ட வந்தவர்களில் பாதிப் பேர் இங்கிலாந்தில் ஒரே வட்டாரத்துக்காரர்கள். தாத்தா பெயரைத்தான் பேரனுக்கு வைப்பார்கள். தாத்தாவுக்கு நாலு மகன் என்றால் நாலு வீட்டிலும் அதே பெயரில் ஒரு பையன் வளர்வான். ஹென்றி பார்க்கர் என்று ஊரில் மூன்று பேர் இருந்தது இப்படித்தான். ஹாலிஃபாக்ஸில் இன்னொரு ஹென்றி பார்க்கர் குத்துச்சண்டை போட்டுக்கொண்டிருந்தார். அவர் படம் போட்ட சுவரொட்டி ரயில் நிலையத்தில் கிழிந்து தொங்கும். மேற்கே எங்கோ ஒரு ஹென்றி பார்க்கர் மந்திரியாக இருந்து லஞ்சத்தில் மாட்டிக்கொண்டார் என்று பேப்பரில் வந்தது. கெட்டிக்காரன், திருடன், ஏமாளி எல்லாருக்கும் அந்த ஒரு பெயரையே வைத்து ஒப்பேற்றிவிட்டார்கள்.

ஆகையால் எங்களுக்குப் பட்டப்பெயர் இல்லாமல் பிழைப்பு நடக்காது. சுரங்கத்துக்குள் போய் ஹென்றி பார்க்கரைக் கூப்பிடு என்றால் "எந்த ஹென்றி?" என்றுதான் திருப்பிக் கேட்பார்கள். முதலாமவர் ஜெப ஹென்றி. வார நாளில் தொழிலாளர் சங்கத்துச் செயலாளர், ஞாயிற்றுக்கிழமை ஜெபம் நடத்துகிறவர். அவர் ஆரம்பித்தால் வீட்டில் சோறு ஆறிப்போகும் என்று பெண்கள் முணுமுணுப்பார்கள். இரண்டாமவன் பிடில் ஹென்றி. அவன் வராத கல்யாணம் கல்யாணமே இல்லை. மூன்றாமவன் ஹெஸ்டரின் புருஷன். அவன் கருங்காலி ஹென்றி.

பட்டப்பெயர் சொல்வதிலும் எங்கள் ஊரில் ஒரு முறை உண்டு. நல்ல பெயரை முகத்துக்கு நேரே சொல்லலாம். கெட்ட பெயரை அந்த ஆளின் காதிலோ, பெண்டாட்டி பிள்ளை காதிலோ விழும்படி சொல்லக்கூடாது. முதுகுக்குப் பின்னால் எவ்வளவு வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளலாம். இதை நாகரிகம் என்று வேறு நினைத்துக்கொண்டிருந்தோம்.

பாருங்கள், ஹெஸ்டரின் கதையைச் சொல்ல உட்கார்ந்து மூன்று ஆண்பிள்ளைகளைப் பற்றிப் பேச்சு நீண்டுவிட்டது. என்ன செய்ய, இங்கே ஒரு பெண்ணின் கதை புருஷன் பட்டப்பெயரில்தான் தொடங்கும். ஹெஸ்டர் கடற்கரைப் பக்கத்து மீன்பிடிக்காரன் மகள். மேனேஜர் வீட்டில் வேலைக்காரியாக வந்தவள். அவளுடைய அப்பா விடிந்தது முதல் அடையும் வரை வாய் ஓயாமல் பேசுகிற மனுஷர். அதனாலேயே, பத்துக் கேள்வி கேட்டால் ஒன்றுக்குத் தலையாட்டுகிற ஹென்றியை அவளுக்குப் பிடித்துப்போனது. கல்யாணம் ஆனது. மேபல் என்று ஒரு பெண் குழந்தை பிறந்தது. அதுவரைக்கும் ஒரு குறையும் இல்லை.

அப்புறம் அந்தப் பெரிய ஸ்டிரைக். கம்பெனி கடையில் சாமான் கொடுப்பதை நிறுத்தினார்கள். வீட்டுக்குக் கரி கிடையாது என்றார்கள். கரி வெட்டுகிறவன் வீட்டில் அடுப்புக்குக் கரி இல்லை, இதைவிட ஒரு கேவலம் உண்டா? குளிர் உச்சத்துக்குப் போனபோது மேபலுக்கு நெஞ்சில் சளி கட்டி மூச்சு இரைக்க ஆரம்பித்தது. சுரங்கத்தில் தண்ணீர் இறைக்கும் பம்புகள் ஓட வேண்டும், அதற்கு வருகிறவன் வீட்டுக்குக் கரியும் டாக்டரும் வரும் என்று கம்பெனி ஆள் வந்து சொன்னான். ஹென்றி குழந்தையைப் பார்த்துக்கொண்டிருந்தான். "போ" என்று சொன்னவள் ஹெஸ்டர்தான்.

அவன் போனான். கரி வந்தது. டாக்டரும் வந்தார். பனி உருகுவதற்கு முன் மேபல் செத்துப்போனாள். அடக்கத்துக்கு ஊரில் ஒரு ஈ காக்கை வரவில்லை. அதற்குள் யாரோ அவர்கள் வீட்டு முன்கதவில் தாரை ஊற்றி அந்தச் சொல்லை எழுதிவிட்டுப் போயிருந்தார்கள். ஹென்றி அந்தக் கதவைச் சுரண்டிப் பார்த்தான், போகவில்லை. குறுக்கே பலகை வைத்து அறைந்து மூடிவிட்டான். அன்று முதல் அந்த வீட்டுக்குப் பின்கதவுதான் வாசல். அது சட்டம் கோணிய கதவு. காற்றடித்தால் படார் படார் என்று அடித்துக்கொள்ளும். அடியில் மர ஆப்பு செருகினால்தான் நிற்கும்.

ஸ்டிரைக் தோற்றது. எல்லாரும் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு அதே வேலைக்குத் திரும்பினார்கள். கம்பெனியை மன்னித்தார்கள், மேனேஜரைக் கண்டால் தொப்பியைத் தொட்டார்கள். ஹென்றியை மட்டும் மன்னிக்கவில்லை. எங்கள் ஊரில் வேலை முடிந்து சுரங்கத்துப் பொதுக் குளியலறைக்கு வந்தால் ஒருத்தன் முதுகை இன்னொருத்தன் தேய்த்துவிடுவான். பகையாளியாக இருந்தாலும் தேய்ப்பான், கை எட்டாத இடத்துக் கரி அப்படித்தான் போகும். ஹென்றியின் முதுகை யாரும் தொடவில்லை. அவன் கரி முதுகோடு சட்டையைப் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வருவான். ஹெஸ்டர் வெந்நீர் போட்டு அடுப்படியில் உட்கார வைத்துத் தேய்த்துவிடுவாள். இரண்டு பேரும் பேசிக்கொள்ள மாட்டார்கள்.

இதை வைத்து பிடில் ஹென்றி ஒரு பாட்டுக் கட்டினான். முன்னாலே கரி, பின்னாலே கரி, முதுகு தேய்க்க ஆள் யாரு என்று போகும். பெயர் இருக்காது, அதுதான் அதில் சாமர்த்தியம். கல்யாண வீட்டில் நாலு கிளாஸ் உள்ளே போனதும் அதை வாசிக்கச் சொல்லி மேசையைத் தட்டுவார்கள். சின்னப் பெண்கள் கயிறு தாண்டும்போது அதைப் பாடினார்கள். பாட்டு யாரைப் பற்றி என்று அதுகளுக்குத் தெரியாது. ஹெஸ்டர் கடைக்குப் போகும்போது அதைக் கேட்டுக்கொண்டே போவாள். கருங்காலி என்று முதலில் வாயால் சொன்னவர் ஜெப ஹென்றி. அவரை அவள் வெறுக்கவில்லை, அவர் கோபத்தில் நியாயம் இருந்தது. பிடில் ஹென்றியைத்தான் வெறுத்தாள். அவனுக்குக் கோபமே கிடையாது, சும்மா ஒரு வேடிக்கைக்குச் செய்தான்.

பதினோரு வருஷம் இப்படியே ஓடியது.

அந்த அக்டோபரில் ஒரு மத்தியானம் ஊரே ஒரு முறை தூக்கிப் போட்டதுபோல் அதிர்ந்தது. அலமாரியில் இருந்த தட்டுகள் கீழே விழுந்தன. ஆழத்தில் பாறை அழுத்தம் தாங்காமல் சுரங்கத்தின் தரையே எம்பி மேற்கூரையில் மோதிவிட்டது. இந்த ஊரில் பிறந்த குழந்தைக்குக்கூட அந்தச் சத்தம் என்ன என்று தெரியும். ஹெஸ்டர் கையில் மாவோடு ஓடினாள். விளக்குகளைக் கொடுத்து வாங்கும் அறைக்கு முன்னால் பெண்கள் எல்லாம் நின்றிருந்தார்கள். யாரும் அழவில்லை, அழுவதற்கு இன்னும் நேரம் வரவில்லை.

கரி வெட்டும் இடத்தை எங்கள் ஆட்கள் சுவர் என்பார்கள். அன்று மேல் சுவரிலும் கீழ்ச் சுவரிலும் ஆள் இருந்தார்கள். ஹெஸ்டரின் ஹென்றி மேல் சுவரில், கரி வெட்டி முடித்த வெற்றிடத்தில் கூரை விழாமல் மரமுட்டுக் கொடுக்கிற வேலை. யாரும் வேண்டாம் என்கிற இடம் எப்போதும் அவனுக்குத்தான். பிடில் ஹென்றி கீழ்ச் சுவரில். ஜெப ஹென்றி தரைக்கு மேலே சங்கத்து அறையில் இருந்ததால் தப்பினார். மீட்புக் குழுவுக்கு அவரே தலைவராகி முதல் ஆளாக இறங்கினார்.

முதலில் பிணங்கள்தான் வந்தன. பிறகு ஒரு நாள் காலையில், மேல் சுவருக்குப் போகிற காற்றுக் குழாயின் உடைந்த முனையில் காதை வைத்தவன் ஏதோ சத்தம் கேட்கிறது என்றான். ஜெப ஹென்றி குழாயில் வாயை வைத்து யார் என்று கத்தினார். நீளமான இரும்புக் குழாய். தூசு குடித்த தொண்டை. யார் குரல் என்று பெற்ற தாய்கூடச் சொல்ல முடியாது, தகரத்தில் ஈ மொய்க்கிற மாதிரிதான் கேட்டது.

"ஹென்றி பார்க்கர்" என்றது குரல்.

ஜெப ஹென்றி பழக்க தோஷத்தில் கேட்டார். "எந்த ஹென்றி?"

குழாய் வெகுநேரம் சும்மா இருந்தது. ஆள் மயங்கிவிட்டான் என்று நினைத்தார்கள். பிறகு சொன்னது: "பிடில் ஹென்றி."

அங்கே நின்றவர்கள் தொப்பியைத் தூக்கிப் போட்டார்களாம். கூட யார் இருக்கிறார்கள் என்று கேட்டதற்கு, யாரும் இல்லை, எல்லாரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள் என்று பதில் வந்தது. பிடில் ஹென்றி கீழ்ச் சுவர் ஆள். எப்படியோ ஊர்ந்து மேலே வந்திருக்கிறான். அவனே எல்லாரும் போய்விட்டார்கள் என்கிறான். அப்படியானால் கீழ்ச் சுவரில் இனி உயிர் இல்லை. இப்படித்தான் எல்லாரும் கணக்குப் போட்டார்கள். யாராக இருந்தாலும் அப்படித்தான் போட்டிருப்பார்கள்.

செய்தி மேலே வந்ததும் பிடில் ஹென்றியின் பெண்டாட்டி வின்னி அப்படியே மண்ணில் உட்கார்ந்து சிரித்தாள். மற்ற பெண்கள் அவளைத் தூக்கி நிறுத்தி முத்தமிட்டார்கள். பிறகு அவர்கள் கண்கள் மெல்ல ஹெஸ்டர் பக்கம் திரும்பின. மேல் சுவரில் எல்லாரும் போய்விட்டார்கள் என்றும் அந்தக் குரல் சொல்லிவிட்டதே.

அன்று ஹெஸ்டர் வீட்டுக்கு ஊர் வந்தது. பதினோரு வருஷமாக அந்தப் பின்வாசலை மிதிக்காத பெண்கள் பீன்ஸ் சட்டியும், வெல்லப்பாகு போட்ட ரொட்டியும், உப்புக்கண்டமும் கொண்டுவந்து வைத்தார்கள். நல்ல மனுஷன், வாய் திறக்க மாட்டான் என்று அவனைப் பற்றிச் சொன்னார்கள். புருஷன் உயிரோடு இருந்தால் சொல்ல மாட்டார்கள், செத்தால் வந்து சொல்வார்கள். ஹெஸ்டர் எல்லாவற்றையும் வாங்கி வரிசையாக வைத்தாள். அவளுக்கு அவர்களைத் துரத்தியடிக்க வேண்டும்போல் இருந்தது; போகாதீர்கள் என்று கையைப் பிடித்துக்கொள்ள வேண்டும்போலவும் இருந்தது.

கடைசியாக வின்னி வந்தாள். கையில் ஒரு பாத்திரம் சூப்பு. ஹெஸ்டருக்கு இளையவள், மூன்று பிள்ளை பெற்றவள், எதையும் மனசில் வைத்துக்கொள்ளத் தெரியாதவள்.

"எனக்கு ஒரே சந்தோஷமா இருக்கு ஹெஸ்டர். உன் முன்னாடி வந்து நிக்கவே கூச்சமா இருக்கு" என்றாள். பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு, "அந்தப் பாட்டு... எனக்கு அது எப்பவும் பிடிச்சதில்லடி. அவர் வெளிய வரட்டும். இனிமே அதை வாசிச்சா பிடிலை அடுப்புல போட்டுடுவேன்னு சொல்றேன்."

பரவாயில்லை என்று ஹெஸ்டர் சொன்னாள்.

வின்னிக்குப் பேச்சை மாற்ற வேண்டியிருந்தது. "அந்த ஆளுக்கு அங்க மூளை கலங்கிடுச்சு போல. குழாய்ல எனக்கு என்ன சொல்லி அனுப்பியிருக்கார் தெரியுமா? பின்கதவுக்கு ஆப்பு வெக்கச் சொல்லுங்க, காத்துல அடிச்சுக்கும்னு. எங்க வீட்டுல பின்கதவு ஏது? இருக்கறது ஒரே கதவு, அதுவும் பிள்ளைங்க உபயத்துல எந்நேரமும் தொறந்தே கெடக்கும்."

ஹெஸ்டர் கையில் இருந்த சூப்பு தளும்பிப் பாவாடையில் கொட்டியது. வின்னி பாத்திரத்தை வாங்கி வைத்துவிட்டு அவளைச் சேர்த்து அணைத்துக்கொண்டு, அழுதுடு, அழுதுடு என்று முதுகைத் தடவினாள். ஹெஸ்டர் அழுதாள். உயிரோடு இருக்கிறான், உயிரோடு இருக்கிறான் என்று உள்ளே ஓடிக்கொண்டிருந்தது. வாயை வின்னியின் தோளில் அழுத்தி வைத்துக்கொண்டாள், எங்கே அது வெளியே வந்துவிடுமோ என்று.

ஏன் பொய் சொன்னான் என்று அவள் யோசிக்கவே இல்லை. யோசிக்க என்ன இருக்கிறது? கருங்காலி என்ற சொல் குழாய் வழியே வந்தால் மண்வெட்டிகள் நின்றுவிடும் என்று பயந்திருக்கிறான். பதினோரு வருஷமாக முதுகைத் தொடாதவன் தன்னைத் தோண்டி எடுப்பானா? அவளுக்கும் அந்த நம்பிக்கை இல்லை. அந்த மனுஷன் பிழைக்க ஒரு பெயர் வேண்டியிருந்தது. ஊருக்குப் பிடித்த பெயரை எடுத்துக்கொண்டான்.

மறுநாள் காலையில்தான் அவளுக்கு மற்றது உறைத்தது. கீழ்ச் சுவர்ப் பக்கம் தோண்டிக்கொண்டிருந்த ஆட்கள் மொத்தமாக மேல் சுவர்ப் பக்கம் மாறிப் போவதாகப் பேசிக்கொண்டார்கள். குழாயில் இருப்பவன் தன் ஹென்றி. அப்படியென்றால் பிடில் ஹென்றி எங்கே? அவன் செத்தான் என்று யாரும் பார்க்கவில்லையே. கீழே எங்கோ கல்லைத் தட்டிக்கொண்டு கிடக்கிறானோ என்னவோ.

ஜெப ஹென்றி குளித்து வேறு சட்டை போட மேலே வந்தபோது அவரிடம் போனாள். அவளைக் கண்டதும் தொப்பியைக் கழற்றினார். அந்தப் பெரிய உடம்பு நிற்க முடியாமல் ஆடியது, கண்கள் ரத்தமாகச் சிவந்திருந்தன. உன் புருஷனுக்காக ஜெபம் பண்ணினேன் அம்மா என்றார். அவர் அவளோடு பேசியே வருஷக்கணக்காகியிருந்தது.

"கீழ்ச் சுவரை அப்படியே விட்டுட்டீங்களாமே?" என்று கேட்டாள்.

"ஆள் எங்கம்மா இருக்கு? இருக்கறவன் எல்லாம் தூங்கி வழியறான். உசிரு எங்கே இருக்குன்னு தெரியுதோ அங்கதானே தோண்டணும்."

"பாதிப் பேரை இங்கே, பாதிப் பேரை அங்கே..."

"அப்படிப் பிரிச்சா குழாய்ல இருக்கறவன் பிழைக்க மாட்டான். விஷக் காத்து அவன் பக்கம் ஏறிட்டிருக்கு, குரலே இறங்கிப்போச்சு. ஏம்மா, கீழ்ச் சுவர்ல உனக்கு யாராவது உண்டா?"

அந்த இடத்தில் அவள் சொல்லியிருக்கலாம். குழாயில் இருப்பது என் புருஷன் என்று நாலு வார்த்தை. சொன்னால் பாதி ஆட்கள் கீழே போவார்கள், ஹென்றி மூச்சுத் திணறிச் சாவான். அல்லது எல்லாருமே போய்விடுவார்கள். வாயைத் திறந்தாள். யாரும் இல்லை என்று சொல்லிவிட்டுத் திரும்பி நடந்தாள்.

அவரிடம்தான் சொல்ல முடியவில்லை, வின்னியிடமாவது சொல்லிவிடலாம் என்று அங்கே போனாள். வின்னி அடுப்பில் இஸ்திரிப் பெட்டியைக் காயவைத்துப் புருஷனின் கல்யாணச் சட்டையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். வெளியே வரும்போது ஃபோட்டோ பிடிக்க ஹாலிஃபாக்ஸிலிருந்து பேப்பர்காரர்கள் வந்திருக்கிறார்களாம், கரிச்சட்டையோடு நிற்கவிட முடியுமா என்றாள். பிள்ளைகள் மேசைக்கடியில் உருண்டுகொண்டிருந்தார்கள். காலரில் சுருக்கம் விழுகிறது, கொஞ்சம் இழுத்துப் பிடி என்று வின்னி சொன்னாள். ஹெஸ்டர் இழுத்துப் பிடித்தாள். சூடான பெட்டி அவள் விரல் ஓரமாகப் போய்ப் போய் வந்தது. அப்போது பெரிய பையன் அந்தப் பாட்டை முணுமுணுத்தான். வின்னி அவன் தலையில் ஒன்று வைத்தாள். ஹெஸ்டருக்கு உள்ளே ஏதோ கல்லாகிவிட்டது. சட்டையைத் தேய்த்து முடிக்கும்வரை காலரைப் பிடித்திருந்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் வீட்டுக்கு வந்தாள்.

புருஷனைக் காப்பாற்றத்தான் பேசாமல் இருந்தாளா, அந்தப் பாட்டுக்காகவும் சேர்த்தா என்று பிற்பாடு அவளே தன்னைக் கேட்டுக்கொண்டாள்.

அடுத்த நாள் சாயங்காலம் வழி திறந்தது. பாறைப் பொந்துக்குள் முதலில் தலையை நுழைத்தவர் ஜெப ஹென்றி. விளக்கைத் தூக்கி அந்த முகத்தைப் பார்த்தார். கூட வந்தவர்கள் சொன்னது: அவர் திட்டவில்லை, கை ஓங்கவில்லை, பின்னால் திரும்பி எல்லாரும் கீழ்ச் சுவருக்கு ஓடுங்கள், ஓடுங்கள் என்று மட்டும் சொன்னார். அவர் வாழ்நாளில் அவ்வளவு சுருக்கமாகப் பேசியதில்லை.

மேலே யாருக்கும் இது தெரியாது. ஸ்டிரெச்சர் வந்தது. வெளிச்சம் படக்கூடாது என்று முகத்தை மூடியிருந்தார்கள். ஃபோட்டோக்காரர்கள் முண்டியடித்தார்கள். வின்னி தேய்த்த சட்டையைக் கையில் தொங்கவிட்டபடி ஓடிப்போய்த் துணியை விலக்கினாள். பிறகு துணியை இருந்தபடியே மூடிவிட்டு, "இது என் வீட்டுக்காரர் இல்ல" என்றாள். கோபமாகக்கூடச் சொல்லவில்லை, கடையில் வேறு பொட்டலத்தை எடுத்துக் கொடுத்தவனிடம் சொல்வதுபோல் சொன்னாள். ஹெஸ்டர் கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தாள். அவளுக்கு வழிவிட்டவர்கள், தொட்டால் ஒட்டிக்கொள்ளும் என்பதுபோல் விலகினார்கள்.

கீழ்ச் சுவரை மறுநாள் எட்டினார்கள். பிடில் ஹென்றியும் இன்னும் நாலு பேரும் ஒரு மூலையில் ஒருவர்மேல் ஒருவர் சாய்ந்து கிடந்தார்கள். தண்ணீர்க் குடுவையின் மூடியில் ஐந்து பேருக்கும் பங்கு வைத்துக் குடித்திருந்தார்கள். ஒருத்தன் பூட்ஸ் தோலைக் கடித்திருந்தான். டாக்டர் பிடில் ஹென்றியின் கையை மடக்கிப் பார்த்துவிட்டு, இவர் போனது நேற்றுத்தான் என்றார். அதை மெதுவாகத்தான் சொன்னார். ஊர் முழுக்கக் கேட்டுவிட்டது.

ஆஸ்பத்திரியில் ஜெப ஹென்றி வந்து கட்டிலுக்குப் பக்கத்தில் நின்றார். ஹெஸ்டர் புருஷனுக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள்.

"உனக்காகவும் தோண்டியிருப்போம்டா" என்றார். "அடைபட்ட கழுதைக்கே தோண்டுறவங்க நாங்க. உன்னை விட்டிருப்போமா?"

ஹென்றி கூரையைப் பார்த்தான். "அதை யாரும் எனக்குச் சொல்லலையே" என்றான்.

ஜெப ஹென்றி தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு வெளியே போனார். அதற்கப்புறம் அவர் ஜெபம் நடத்துவதை விட்டுவிட்டார்.

ஹென்றி வீட்டுக்கு வந்தான், சுரங்கத்துக்குப் போகவில்லை. அவனால் மூடின அறையில் படுக்கவே முடியவில்லை. ஊர் அவனை ஒன்றும் செய்யவில்லை. கல் எறியவில்லை, கதவில் எழுதவில்லை, பாட்டைப் பாடவும் ஆள் இல்லை. பட்டப்பெயரையும் எடுத்துவிட்டார்கள். அவனைப் பற்றிச் சொல்ல நேர்ந்தால், மிஸ்டர் பார்க்கர் என்று, வெளியூர்க்காரனைச் சொல்வதுபோல் சொன்னார்கள். முன்பு கருங்காலி என்றபோதாவது அவன் எங்கள் கருங்காலியாக இருந்தான். பனிக்காலம் முடிவதற்குள் நுரையீரல் கெட்டு, அவனும் போய்ச் சேர்ந்தான். ஹெஸ்டர் கடைசியாக ஒரு தடவை அவன் முதுகைத் தேய்த்துக் குளிப்பாட்டிப் புதைத்தாள்.

அந்த வசந்தத்தில் ஒருநாள் கறிக்கடையில் கூட்டம். கடைக்காரர் புதுசு, டிரூரோ பக்கத்திலிருந்து வந்தவர், ஊர் விஷயம் தெரியாது. பொட்டலத்தைக் கட்டித் தூக்கிப் பிடித்து, மிசஸ் பார்க்கர் என்று கூப்பிட்டார். இரண்டு கைகள் நீண்டன. ஒன்று ஹெஸ்டருடையது, மற்றது வின்னியுடையது. கடையில் பேச்சு நின்றது. எந்த மிசஸ் பார்க்கர் என்று கடைக்காரர் சிரித்துக்கொண்டே கேட்டார். ஹெஸ்டர் கையை இழுத்துக்கொண்டு வெளியே வந்துவிட்டாள்.

வின்னி தன் பொட்டலத்தை வாங்கிக்கொண்டு பின்னாலேயே வந்தாள். இளைத்திருந்தாள். தெருவில் பனி உருகிச் சேறாக ஓடிக்கொண்டிருந்தது.

"ஒண்ணே ஒண்ணு கேக்கணும்" என்றாள். "நான் அன்னிக்கு உன் வீட்டுக்கு வந்து அந்தக் கதவு விஷயத்தைச் சொன்னேனே. அப்பவே உனக்குத் தெரிஞ்சுடுச்சா?"

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். அதை மறுத்துச் சொல்ல உலகத்தில் ஒரு சாட்சி இல்லை.

"தெரிஞ்சுடுச்சு" என்றாள் ஹெஸ்டர்.

"சட்டை தேய்க்கறப்பவும்?"

"அப்பவும்."

வின்னி தலையை ஆட்டினாள். பொட்டலத்தை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டாள். அவள் அறையப்போகிறாள் என்று ஹெஸ்டர் நினைத்தாள், அறைந்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தாள்.

"ரொம்ப நாளா யோசிச்சுப் பாத்துட்டேன்" என்றாள் வின்னி. "குழாய்ல இருந்தது என் வீட்டுக்காரரா இருந்து, உன் புருஷன் கீழ கெடக்கார்னு எனக்குத் தெரிஞ்சிருந்தா, நானும் வாயைத் தொறந்திருக்க மாட்டேன். அது எனக்கு நல்லாத் தெரியுது. அதுக்காக உன்னை மன்னிச்சுட்டேன்னு மட்டும் நெனச்சுக்காத."

"நெனைக்கல" என்றாள் ஹெஸ்டர்.

வின்னி கடைக்குள் திரும்பிப் போனாள். ஹெஸ்டர் வாங்காமல் விட்டு வந்த கறியை வேறு பொட்டலமாகக் கட்டிக் கடைக்காரர் கொண்டுவந்து வாசலில் கொடுத்தார்.